நல்லூர்த் தேரடிப் பித்தர்



நம்மவருள் சிலரது பூர்வீகமாகிய யாழ்ப்பாணத்தில், நல்லூர்க் கந்தசுவாமி கோயில் தேரடியே கதியெனக் கிடந்தார் ஒருவர். கந்தல் உடை, தமக்குத் தாமே பேச்சு, கும்பிட வந்தவர்க்கு ஏச்சு. சோறு சமைத்தபின் பானையைப் போட்டுடைப்பாராம்! ஊரார் 'விசர்ச் செல்லப்பர்' என்று ஒதுங்கிச் சென்றனர். இறைவனையே பித்தன் என்றழைத்த சமயம் நமது. ஆயினும் வாசலிற் கிடந்த பித்தரை நல்லூர் அறிந்திலது.

1905ஆம் ஆண்டளவில், கிளிநொச்சியில் உத்தியோகம் பார்த்த யோகர் அவ்வழி வந்தார். 'நீ யார்?' என்ற அதட்டலில் உள்ளம் கலங்கினார். பின்னர் உத்தியோகம் துறந்து அவர்க்கே அடிமையானார்.

'ஒரு பொல்லாப்புமில்லை' என்பது செல்லப்பர் ஓயாது சொன்ன மொழி. ஊர் அதனைப் பிதற்றலெனக் கடந்தது. அதே மொழியை யோகர் சுவாமிகள் வாயிலாகக் கேட்பதற்கு, 1964இல் அவர் சமாதியடையும் வரை, கற்றோரும் அதிகாரிகளும் கொழும்புத்துறைக் குடிலில் காத்திருந்தனர்.