தேசச் சிற்பிகளும் மலைநாடும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)



தேசச் சிற்பிகள் என்னும் பொருள்பற்றிப் பேசுமாறு சங்கத்தார் நம்மைப் பணித்திருக்கின்றனர். இத்தகைய தலைப்பிலே பேச வருவோர் பத்துப் பன்னிரண்டு பெரியோரின் பெயரைச் சகஸ்ரநாமம்போல ஒப்புவித்து, ஒவ்வொருவருக்கும் ஒரு மாலையைச் சூட்டிவிட்டு அமர்வது வழக்கம். அர்ச்சனை கோயிலுக்குப் பொருந்தும். சரித்திரத்துக்கு அது போதாது. ஆகவே ஒரு சிலரை மட்டும் எடுத்து, அவர்கள் செய்த ஒரு வேலையைப் பற்றியே பேசுவோம். பிறருடைய கணக்குப் புத்தகத்திலே கடனாளியாக மட்டும் எழுதப்பட்டிருந்த மனிதனை, நாட்டின் கணக்கிலே பிரஜையாக எழுதுவிக்க முயன்ற வேலையே அது. அந்த வேலையின் சுவடுகள் பல நமது கண்டியைச் சுற்றியே கிடக்கின்றன.

தோட்டத்துரைமாரின் சங்கம் 1854-ஆம் ஆண்டிலே இந்தக் கண்டியில்தான் தொடங்கிற்று. 1867-இல் கொழும்பிலிருந்து புகையிரதம் கண்டிக்கு வந்தது. அதே ஆண்டில் ஜேம்ஸ் டெயிலர் என்பவர் லூல்கந்துர தோட்டத்திலே 19 ஏக்கரில் தேயிலை வைத்தார். டெயிலரின் கல்லறை மகியாவை மயானத்தில் இருக்கிறது. கல்லிலே பெயரும் இருக்கிறது. நல்லது. ஆனால் அந்த 19 ஏக்கர் காட்டை வெட்டியவன் யார், குழி தோண்டியவன் யார், முதற்கொழுந்தைக் கிள்ளியவள் யார் என்று கேட்டால் ஒரு பெயரும் கிடையாது. கோப்பிக் காலத்திலே மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே நடந்து, மாத்தளை தாண்டி வந்தோருள் வழியிலேயே மாண்டவர் பலர். அவர்களுக்குக் கல்லறையும் இல்லை.

இனி, பேராதனைக்குச் செல்வோம். பல்கலைக்கழகத்திலே அருணாசலம் விடுதி என்று ஒன்றும், இராமநாதன் விடுதி என்று ஒன்றும் இருப்பதை நீங்கள் அறிவீர்கள். உங்களிற் சிலர் அங்கே தங்கிப் படித்தவர்களாயும் இருக்கலாம். இராமநாதனை எதிர்த்து 1911-ஆம் ஆண்டுத் தேர்தலில் நின்று தோற்ற மார்கஸ் பெர்னாண்டோவுக்கும் அங்கே ஒரு விடுதி உண்டு. அருணாசலத்துக்கு அளித்த வாக்குறுதி காற்றிற் போனதற்குக் காரணராயிருந்த ஜேம்ஸ் பீரிஸ் பெயராலும் ஒரு விடுதி உண்டு. உயிரோடிருந்தபோது ஒத்துப்போகாதவர்கள் இப்போது ஒரே வளவில் அமைதியாக நிற்கின்றனர்!

சேர் பொன்னம்பலம் அருணாசலம் 1853-இற் பிறந்தவர். கேம்பிறிட்ஜிற் பயின்று, 1875-இலே போட்டிப் பரீட்சையில் தேறி, இலங்கைச் சிவில் சேவையிற் புகுந்த முதல் இலங்கையர். இதை எல்லாப் புத்தகங்களிலும் காணலாம். நாம் நிறுத்திப் பார்க்க வேண்டியது வேறொன்று. 1901-ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பை முன்னின்று நடத்தியவர் அவர். தீவின் சனத்தொகை அப்போது 35 இலட்சத்து 65 ஆயிரத்துச் சொச்சம். அந்த மதிப்பின் இனவாரி அட்டவணையிலே தமிழர் என்று ஒரே தொகுதிதான் இருந்தது. யாழ்ப்பாணத்து வேளாளனும் ஹேவாஹெட்டைக் கூலியாளும் ஒரே நிரலில் நின்றனர். அடுத்த மதிப்பிலே, 1911-இல், இலங்கைத் தமிழர் வேறு, இந்தியத் தமிழர் வேறு எனப் பிரித்தெழுதினர். காகிதத்திலே ஒரு கோடுதான். அந்தக் கோடு பின்னர் எத்தனை குடும்பங்களின் நடுவே ஓடியது என்பதை இச்சபையிலே விளக்க வேண்டியதில்லை.

1913-இல் உத்தியோகத்திலிருந்து இளைப்பாறிய பின்னரே அருணாசலத்தின் பெருந்தொண்டு தொடங்கிற்று. அறுபது வயதில் மற்றவர் சாய்வு நாற்காலி தேடுவர்; அவர் சமூக சேவைச் சங்கம், சீர்திருத்தச் சங்கம் என ஒன்றன்பின் ஒன்றாக அமைத்தார். 1919 டிசம்பரிலே இலங்கைத் தேசிய காங்கிரஸ் பிறந்தபோது அதன் முதல் தலைவரும் அவரே. மேல் மாகாணத் தமிழருக்கு ஓர் ஆசனம் என்று 1918-இலே அளித்த வாக்கைத் தலைவர்கள் காப்பாற்றாதபடியால் 1921-இல் விலகினார். 1924 சனவரியிலே, தலயாத்திரை சென்றவிடத்தில், மதுரையிலே உயிர் நீத்தார். காங்கிரசைப் பற்றி எழுதியோர் பலர். அதே 1919-இல் அவர் தோற்றுவித்த தொழிலாளர் நலவுரிமைச் சங்கத்தைப் பற்றி எழுதியோர் சிலரே. நமக்கோ இரண்டாவதுதான் முக்கியம்.

ஏன் என்பதற்குத் துண்டு என்ற முறையை நாம் அறிய வேண்டும். இன்றைய இளைஞருக்கு அச்சொல் புதிதாயிருக்கலாம். உங்கள் பாட்டனாரின் பாட்டனாருக்கு அது கழுத்துக் கயிறு. ஊரிலே கங்காணி கொடுத்த முன்பணம், கப்பற்கூலி, வழிச் சாப்பாடு, கம்பளி எல்லாம் தோட்டத்தில் வந்து சேருமுன்னரே ஆளின் பேரில் கடனாக ஏறிவிடும். பிரட்டிலே பெயர் கூப்பிடும் முதல் நாளிலேயே அவன் கடன்காரன். அந்தத் தோட்டம் பிடிக்காமல் கங்காணி ஆட்களை வேறு தோட்டத்துக்குக் கொண்டுபோக நினைத்தால், பழைய துரை ஒரு துண்டுக் காகிதம் எழுதிக் கொடுப்பார்: இத்தனை ரூபா கட்டினால் இத்தனை ஆட்களை விடுகிறோம். புதிய துரை அந்தப் பணத்தைக் கட்டுவார். ஆளின் கையில் ஒரு சதமும் வராது. கடன் மட்டும் அவனோடு மலையேறும். மாட்டுச் சந்தையிற்கூட மாட்டுக்கு விலை பேசுவார்களேயன்றி, மாட்டின் பேரிலே கடன் எழுதுவதில்லை.

துண்டு இல்லாமலே ஓடிப் போனால்? 1865-ஆம் ஆண்டுச் சட்டம் காத்திருந்தது. சொல்லாமல் வேலையை விட்டுப் போவது இக்காலத்தில் ஒப்பந்தத்தை மீறுதலாகும். அக்காலத்தில் அது சிறைக் குற்றம். கூலியைக் கொடாத துரைக்கு வழக்கு, ஓடிய கூலியாளுக்கு விலங்கு! இந்தச் சிறைத் தண்டனையை எடுத்துவிட வேண்டும் என்று அருணாசலமும் அவரோடு நின்றோரும் இடைவிடாது எழுதினர், பேசினர், மனுக்கொடுத்தனர். இந்தியாவிலும் அக்காலத்திலே இதே குரல் எழுந்தது. 1921-ஆம் ஆண்டின் 43-ஆம் இலக்கச் சட்டத்தினாலே துண்டு முறை ஒழிந்தது; சிறைத் தண்டனை விதிகளும் போயின. காங்கிரஸ் மகாநாடுகளின் தீர்மானங்கள் எத்தனையோ மறந்துபோயின. இந்த ஒரு சட்டம் இலட்சக்கணக்கானோரை இரவிலே பயமின்றித் தூங்கவைத்தது.

அந்த நலவுரிமைச் சங்கத்துக்குக் காரியதரிசியாயிருந்தவர் நம்மூர்ப் பிள்ளை. பன்விலைக்கு அப்பால் மடுல்கலையில் உள்ள தோட்டமொன்றிற் பிறந்து, கண்டி திரித்துவக் கல்லூரியிற் படித்து, கேம்பிறிட்ஜ் வரை சென்று சட்டம் பயின்று திரும்பிய பெரி. சுந்தரம் அவர். 1931-இலே சர்வசன வாக்குரிமை வந்தபோது ஹற்றன் தொகுதியிலிருந்து அரசாங்க சபைக்குச் சென்று, தொழில், கைத்தொழில், வர்த்தக அமைச்சரானார். அவர் அமைச்சராயிருந்த காலத்திலேயே வேலையாட்களுக்கு நட்டஈடு வழங்கும் சட்டமும் (1934), தொழிற்சங்கச் சட்டமும் (1935) நிறைவேறின. தோட்டத்திலே பிறந்த பிள்ளை துரைமாரின் வழக்குகளுக்குமேல் சட்டம் செய்யும் ஆசனத்தில் அமர்ந்தார். மடுல்கலைப் பக்கத்துப் பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு இது தெரியுமா என்று அங்குள்ள ஆசிரியர்கள் ஒருமுறை கேட்டுப் பார்க்கலாம்.

ஆனால் ஒன்றைச் சொல்லத்தான் வேண்டும். இவர்கள் பெரியவர்கள், ஆயினும் லயத்து வாசலுக்கு வந்தவர்கள் அல்லர். கொழும்பிலிருந்து மனு எழுதுவது ஒரு தொண்டு, ஏற்றுக்கொள்கிறோம். இராமநாதன் 1915 கலவரத்தின்பின் சிங்களத் தலைவர்களுக்காகச் சட்டசபையிலே முழங்கியதும் பெருந்தொண்டு. அதே இராமநாதன் எல்லாருக்கும் வாக்குரிமை கொடுப்பதை எதிர்த்தார் என்பதும் உண்மை. கேட்டவர் கண்டியிற் பிறந்த ஏ. ஈ. குணசிங்கவாகிய கொழும்புத் தொழிற்சங்கவாதி. அவருங்கூடப் பின்னாளில் இந்தியத் தொழிலாளர்மேற் பகைமை பாராட்டினார். சிற்பியின் உளி எப்போதும் ஒரே கையில் இருப்பதில்லை.

லயத்து வாசலுக்கு வந்தவர் கோ. நடேசய்யர். தஞ்சாவூரிற் பிறந்து, வணிகவியல் கற்பித்துக் கொண்டிருந்தவர். இலங்கைக்கு வந்து 1921-இல் தேசநேசன் பத்திரிகையையும், பின்னர் தேசபக்தனையும் நடத்தினார். தோட்டத்துக்குள் அந்நியர் காலடி வைத்தால் அத்துமீறல் என்று பிடிக்கும் காலம் அது. நடேசய்யர் புடைவை வியாபாரிபோல வேடம் பூண்டு மூட்டையைச் சுமந்து லயங்களுக்குள் போனார் என்று மலைநாட்டுப் பெரியோர் சொல்லக் கேட்டிருக்கிறோம். 1925-இலே சட்டசபைக்குச் சென்றார். 1931-இல் ஹற்றனைத் தலமாகக் கொண்டு தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்தார். 1936 முதல் 1947 வரை ஹற்றன் பிரதிநிதியாக அரசாங்க சபையிலிருந்து, அந்த 1947-ஆம் ஆண்டிலேயே காலமானார்.

அவருடைய மனைவியார் மீனாட்சியம்மாளை நாம் விட்டுவிடலாகாது. எழுதப்படிக்கத் தெரியாத சனங்களுக்குப் பத்திரிகை எதற்கு என்று கேட்போருக்கு அந்த அம்மையார் பாட்டினாலே பதில் சொன்னார். மக்களுக்குப் பழகிய மெட்டுக்களிலே தொழிலாளர் துயரத்தைப் பாட்டாக்கி, கூட்டங்களிலே தாமே பாடினார். 1940-இல் அப்பாட்டுக்கள் இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை என்னும் நூலாக வந்தன. மேடையில் ஒரு பெண் ஏறுவதே அதிசயமாயிருந்த நாளிலே இது நடந்தது. 1927-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி சம்பளம் நிர்ணயித்தபோது, மலைநாட்டின் மேற்பகுதியில் ஆணுக்கு நாளொன்றுக்கு 54 சதம், பெண்ணுக்கு 43 சதம். கொழுந்தெடுத்தவள் பெண், குறைந்த சதமும் அவளுக்கே. அவளைப் பற்றி ஒரு பெண் பாடியதிலே நியாயம் இருந்தது.

இன்னும் ஒருவர் இருக்கிறார். அவர் எந்தச் சபையிலும் இருக்கவில்லை. ஹேவாஹெட்டைப் பகுதியிலே முல்லோயாத் தோட்டம். 1940 சனவரியிலே சம்பள உயர்வும் சங்கம் அமைக்கும் உரிமையும் கேட்டு அங்கே வேலைநிறுத்தம் நடந்தது. சனவரி 10-ஆந் தேதி பொலீசாரின் சூட்டுக்குக் கோவிந்தன் என்ற தொழிலாளி பலியானார். அச்சாவை விசாரிக்க ஆணைக்குழு அமைக்க வேண்டி வந்தது. நாடு முழுவதும் அந்தப் பெயரை அறிந்தது. லூல்கந்துரவுக்கு முல்லோயா வெகுதூரமன்று. 1867-இல் 19 ஏக்கரை வெட்டியவர்களின் பெயர் ஒன்றுமில்லாதிருந்த அதே மலைச் சாரலிலே, 73 ஆண்டுகளின் பின்னர் ஒரு கூலியாளின் பெயர் நாட்டுச் சரித்திரத்தில் ஏறிற்று. அதற்கு அவர் கொடுத்த விலை உயிர்.

பிற்கதையைச் சுருக்கமாகச் சொல்வோம். நீங்கள் வீட்டிலே கேட்டதுதான். நேரு 1939-இல் வந்தபோது இலங்கை இந்தியர் காங்கிரஸ் பிறந்தது. மறு ஆண்டில் கம்பளையில் மகாநாடு கூடிற்று. 1947 தேர்தலிலே அதன் சார்பில் எழுவர் பாராளுமன்றம் சென்றனர், நாவலப்பிட்டியிலிருந்து கே. இராஜலிங்கம், தலவாக்கொல்லையிலிருந்து கவிஞர் சி. வி. வேலுப்பிள்ளை, நுவரெலியாவிலிருந்து சௌ. தொண்டமான். 1948-இல் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. 1952 தேர்தலில் அவர்களுள் ஒருவருமில்லை. வாக்காளர் பெயரே இடாப்பிலிருந்து போய்விட்டது. 1964-இலே இரு நாட்டுப் பிரதமர்கள் உடன்படிக்கை செய்தபோது 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பங்கிட்டனர். மீண்டும் கணக்கு! கண்டியிலுள்ள இந்திய உதவி உயர்ஸ்தானிகர் அலுவலகத்தில் கடவுச்சீட்டுப் பெற்றுத் தலைமன்னாருக்கு ஏறிய வண்டியைச் சனங்கள் அழுகைக் கோச்சி என்றார்கள். அண்ணன் ஒரு பக்கம், தம்பி ஒரு பக்கம். எஞ்சியோர் அனைவருக்கும் பிரஜாவுரிமை கிடைக்கச் சட்டம் வந்தது 2003-இலே. அருணாசலம் தொழிலாளர் சங்கம் தொடங்கி 84 ஆண்டுகள்.

இளைஞர்களே, இப்போது சங்கத்தாரிடம் ஒரு வேண்டுகோள். அருணாசலத்தின் கடிதங்களைத் தேட ஆராய்ச்சியாளர் உண்டு. உங்கள் வீட்டு டிரங்குப் பெட்டியைத் தேட ஒருவருமில்லை. தோட்டத்தை விட்டு நீக்கியபோது கொடுத்த பற்றுச்சீட்டு, பிரஜாவுரிமைக்கு மனுச்செய்த காகிதம், நிராகரித்து வந்த கடிதம், பயன்படாமற்போன கடவுச்சீட்டு, சங்கத்துக்குச் சந்தா கட்டிய ரசீது ஆகியவை அங்கே கரையான் அரிக்கக் கிடக்கின்றன. வருஷந்தோறும் விழாவும் மலரும் நடத்தும் நமது சங்கம், அடுத்த மலருக்கு முன்னர் இவற்றைத் திரட்டத் தொடங்கலாம். ஒவ்வொன்றையும் படமெடுத்து, யாருடையது, எந்தத் தோட்டம், எந்த ஆண்டு என்று குறித்துவிட்டு, மூலத்தை உரியவரிடமே திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். கங்காணியின் பேரேடு எவர் வீட்டிலாவது அகப்பட்டால் அதைத் தனியே கவனியுங்கள். அதிலேதான் பெயர்கள் இருக்கும். மடுல்கலையிலே ஒரு குழு, கலகாவிலே ஒரு குழு, ஹேவாஹெட்டையிலே ஒரு குழு என ஞாயிறுதோறும் இருவர் மூவராகப் போனாற் போதும். எண்பது வயதைத் தாண்டிய பாட்டிமார் இருக்கும் வீடுகளுக்கு முதலிற் போங்கள்.