விளையாட்டு ஏடுகளின் கதை



ஆரையம்பதிப் பாடசாலை அதிபர் ஒருவர் விளையாட்டைப் பற்றிப் பேசுவதற்கு என்ன தகுதி உடையவர் என நீங்கள் வினவக்கூடும். நான் பந்தைத் தொட்டது குறைவு. பந்தைப் பற்றி எழுதப்பட்டதைப் படித்ததே மிகுதி. ஆதலின் இன்று ஆட்டத்தைப் பற்றியன்று, ஆட்டத்தை எழுதிவைத்த ஏடுகளைப் பற்றியே பேச விழைகின்றேன்.

றக்பி ஆட்டம் எவ்வாறு தோன்றியது என்று எந்த மாணவனைக் கேட்டாலும் ஒரே கதையைத்தான் சொல்வான். 1823 ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் றக்பி பாடசாலையில் வில்லியம் வெப் எலிஸ் என்னும் சிறுவன், உதைக்க வேண்டிய பந்தைக் கையிலேந்தி ஓடினான். அன்று பிறந்தது இவ்வாட்டம் என்பதே அக்கதை. இக்கதை எங்கிருந்து வந்தது? அப்பாடசாலை மாணாக்கர் வெளியிட்ட ‘மீட்டியர்’ என்னும் சஞ்சிகைக்கு, பழைய மாணவரான மத்தேயு புளொக்சம் என்பார் 1876 இல் எழுதிய கடிதத்திலிருந்து வந்தது. புளொக்சம் அக்காட்சியைக் கண்ணாற் கண்டவரல்லர். எலிஸோ 1872 இலேயே பிரான்சு நாட்டில் காலமாகிவிட்டார். ஆமென்றோ இல்லையென்றோ சொல்ல அவர் இல்லை. 1895 இல் பழைய மாணவர் சங்கத்தார் இதனை ஆராய்ந்தபோது நேரிற் கண்ட சாட்சி ஒருவரேனும் கிடைத்திலர். ஆயினும் என்ன? 1987 இல் முதல் உலகக் கிண்ணப் போட்டி நடைபெற்றபோது அக்கிண்ணத்துக்கு வெப் எலிஸின் பெயரையே சூட்டினர். பாடசாலைச் சஞ்சிகை ஒன்றில் அச்சேறிய கடிதத்தின் வலிமை அத்தகையது!

பின்னர் இவ்வாட்டத்துக்கெனத் தனி ஏடுகளே எழுந்தன. பிரான்சில் 1929 இல் தொடங்கிய ‘மிடி ஒலிம்பிக்’ மஞ்சள் நிறத் தாளில் அச்சாகி வருவது. இங்கிலாந்தில் ‘றக்பி வேர்ல்ட்’ என்னும் திங்களிதழ் 1960 இல் தோன்றி இன்றும் வெளிவருகின்றது. நம் இலங்கைக்கும் இவ்வாட்டம் புதிதன்று. கண்டிக் கிங்ஸ்வுட் கல்லூரியை நிறுவிய பிளேஸே என்னும் அதிபர்தாம் இதனைப் பாடசாலைக்குட் கொணர்ந்தவர். 1906 இல் கிங்ஸ்வுட்டும் திரித்துவக் கல்லூரியும் மோதியதே பாடசாலைகளுக்கிடையிலான முதற் போட்டி. றோயல் கல்லூரிக்கும் திரித்துவக் கல்லூரிக்கும் 1945 முதல் நடந்துவரும் போட்டியின் கேடயமும் பிராட்பி என்னும் அதிபர் ஒருவர் வழங்கியதே. அதிபர்மார் விளையாட்டைப் பற்றிப் பேசலாகாது என்போர் இதனைக் கருத்திற் கொள்க.

ஆனால் கண்டியும் கொழும்பும் வேறு. எங்கள் வாவிக்கரை வேறு. இங்கே பையன்கள் கண்ட பந்து உதைபந்துதான். எம்மிடம் வந்த விளையாட்டு ஏடும் கடல் கடந்தே வந்தது. மதராசில் ‘இந்து’ நாளிதழின் நிறுவனத்தார் 1947 இல் ‘ஸ்போர்ட் அண்ட் பாஸ்ரைம்’ என்னும் ஆங்கில வார இதழைத் தொடங்கினர். விளையாட்டோடு பொழுதுபோக்கும் அதன் பெயரிலேயே இருந்தமையால் சினிமாவுக்கும் அதில் இடமிருந்தது. ஆசிரியராயிருந்த என் தந்தையார் அதனைத் தருவித்துப் படித்தார். அந்நாளிலே தனுஷ்கோடியிலிருந்து தலைமன்னாருக்குக் கப்பல் ஓடியது. 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அழிக்கும்வரை அவ்வழி நடந்தது. தந்தையார் இதழ்களை ஆண்டுவாரியாக நூலிட்டுக் கட்டித் தகரப் பெட்டியில் வைத்திருந்தார். சினிமாப் பக்கங்களை மட்டும் என் அத்தைமார் கத்தரித்துக்கொண்டனர் என்பார். அக்குறை அவருக்கு இறுதிவரை ஆறவில்லை.

1968 இல் அவ்விதழ் நின்றது. பத்தாண்டுகளின் பின், 1978 ஜூலையில், அதே நிறுவனத்தார் ‘ஸ்போர்ட்ஸ்ரார்’ இதழைத் தொடங்கினர். அவ்வாண்டு நவம்பர் 23 ஆம் நாள் மட்டக்களப்பைச் சூறாவளி தாக்கியது. எனக்கு அப்போது ஒன்பது வயது. கூரை பறந்த வீட்டில், மறுநாட் காலை, தந்தையார் தகரப் பெட்டியைத் திறந்தார். இருபது ஆண்டுத் தாள்களும் ஒட்டிக்கொண்டு ஒரே கட்டியாய் இருந்தன. ஒவ்வொன்றாய்ப் பிரிக்க முயன்றார். பிரிக்கப் பிரிக்கக் கிழிந்தன. வீட்டுக் கூரையைப் பற்றி அன்று அவர் ஒரு சொல்லும் சொன்னாரில்லை.

‘ஸ்போர்ட்ஸ்ரார்’ இதழை நான் பட்டணத்து நண்பரிடம் இரவல் வாங்கிப் படித்தேன். நீள்வட்டப் பந்தை நெஞ்சோடணைத்து ஓடும் வீரனின் படத்தை முதன்முதற் கண்டதும் அதிலேதான். நடுப்பக்க வண்ணப் படங்கள் எங்கள் விடுதிச் சுவர்களை நெடுங்காலம் அலங்கரித்தன. ஆனால் அவ்வேடுகள் எதிலும் எங்கள் ஊர்ப் பெயரை நான் ஒருநாளும் கண்டேனல்லேன். காண எதிர்பார்த்ததும் பிழையே. மதராசிலிருப்போர் ஆரையம்பதி மைதானத்தை எங்ஙனம் அறிவர்? எழுத வேண்டியவர் நாமல்லவா?

சென்ற ஆண்டு எங்கள் ஊர் முதியவர் ஒருவர் பாடசாலைக்கு வந்தார். எழுபதுகளில் ஊர் உதைபந்தாட்டக் குழுவில் கோல் காத்தவர். வாங்கிலே அமர்ந்து, நெடுநேரம் கழித்துக் கேட்டார்:

“அதிபர் தம்பி, நாங்க விளையாடினதுக்கு எங்கயாவது எழுத்து இரிக்கா? பேரன் நம்புறானில்ல. கதை சொல்றன் எண்டுறான்.”

“தேடிப் பாக்கிறன் பெரியப்பா,” என்றேன்.

சம்பவத் திரட்டுப் புத்தகங்களைப் புரட்டினேன். சில ஆண்டுகளுக்குரியவை சூறாவளியிலும், பின்னர் யுத்த காலத்து இடப்பெயர்வுகளிலும் போயிருந்தன. எஞ்சியவற்றில், போட்டியில் வென்றதற்காக அரைநாள் விடுமுறை அளிக்கப்பட்டது என்ற ஒரு வரி இருந்தது. எவருடன் ஆடினர், எத்தனை கோல், எவர் அடித்தார் என்பதொன்றும் இல்லை. விடுமுறைக்கே கணக்கு, விளையாட்டுக்கு இல்லை.

வெப் எலிஸுக்கு ஒரு புளொக்சம் கிடைத்தார். அவரும் காணாததையே எழுதினார். இங்கே கண்டவரும் ஆடியவரும் ஒருவரே, அவரும் உயிரோடிருக்கின்றார். பத்தாந் தரத்து மாணவர் இருவரை அழைத்து, நாற்பது தாள் கொப்பி ஒன்றைக் கொடுத்து அவர் வீட்டுக்கு அனுப்பினேன். அவ்விருவருள் ஒருவன் அந்தப் பேரனே.

முதல் நாள் குழுவினர் பதினொருவரில் ஏழு பெயர்களை எழுதிக்கொண்டு வந்தனர். எட்டாமவரின் பட்டப்பெயர் மட்டுமே பெரியவருக்கு நினைவிலிருந்தது. அதனை வானொலியிற் சொல்ல இயலாது. இயற்பெயரைக் கேட்டறிய மறுநாள் குருக்கள்மடத்துக்குச் சைக்கிளிற் செல்வதாகப் பையன்கள் என்னிடம் அனுமதி கேட்டனர். கொடுத்தேன்.