கல்லூரி வாயிலும் நீதிமன்ற வாயிலும்

(பங்கின் யூபிலி விழாக் கருத்தரங்கில் ஆற்றிய உரை)



யூபிலி ஆண்டில் கடந்து வந்த வழியைத் திரும்பிப் பார்ப்பது வழக்கம். கோவில் எழும்பிய வரலாற்றைப் பிறர் சொல்லிவிட்டார்கள். நாம் எடுத்துக்கொண்ட பொருள் வேறு. தறியிலும், லாரிப் பட்டறையிலும், கோழிப் பண்ணையிலும், குச்சிக்கிழங்குக் காட்டிலும் பாடுபடும் நம் சேலம், நாமக்கல் குடும்பங்களில் பிளஸ் டூ முடிவு வந்ததும் எழும் கேள்வி ஒன்றே: "இடம் கிடைக்குமா?" அந்த இடத்தை யார் கொடுப்பது, எந்த அளவுகோலால் கொடுப்பது என்று எழுபது ஆண்டுகளுக்கும் மேலாக வழக்கு நடந்து வருகிறது. அதை அறிந்துகொள்வது நம் பிள்ளைகளுக்கு நல்லது.

முதல் பெரும் வழக்கு நம் சென்னையிலேயே பிறந்தது. அக்காலத்தில் மருத்துவ, பொறியியல் கல்லூரி இடங்களைப் பதினான்கு பதினான்காகப் பிரித்தார்கள். பிராமணர் அல்லாத இந்துக்களுக்கு 6, பிற்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணருக்கு 2, தாழ்த்தப்பட்டோருக்கு 2, முஸ்லிம்களுக்கு 1. ஆங்கிலோ இந்தியருக்கும் இந்தியக் கிறிஸ்தவருக்கும் சேர்த்து 1. வகுப்புவாரி ஆணை என்பது இதுவே. செண்பகம் துரைராசன் வழக்கில் 1951 ஏப்ரல் 9 அன்று உச்ச நீதிமன்றம் அது செல்லாது என்றது. தமிழகம் கொந்தளித்தது. அவ்வாண்டு ஜூனிலேயே அரசியல் சட்டம் முதன்முறையாகத் திருத்தப்பட்டு, பின்தங்கிய மக்களுக்குத் தனி ஏற்பாடு செய்யும் அதிகாரம் அரசுக்குக் கிடைத்தது.

அடுத்து வந்தது மாவட்டக் கணக்கு. மக்கள் தொகைக்கு ஏற்ப மருத்துவ இடங்களை மாவட்டந்தோறும் பங்கிட்டார்கள். சிறந்தவரைத் தேர்ந்தெடுப்பதற்கும் மாவட்டத்தின் தலைக்கணக்குக்கும் தொடர்பில்லை என்று சொல்லி, 1968-இல் உச்ச நீதிமன்றம் அதையும் தள்ளிவிட்டது. அன்று சேலத்தில் மருத்துவக் கல்லூரியே கிடையாது. 1986-இல்தான் இங்கே அரசு மோகன் குமாரமங்கலம் கல்லூரி வந்தது. நாமக்கல் 2022 வரை காத்திருந்தது.

இதற்கிடையே தனியார் கல்லூரிகள் பெருகின, நன்கொடையும் பெருகியது. 1992-இல் தமிழக அரசு நன்கொடைத் தடைச் சட்டம் கொண்டுவந்தது. 1993-இல் உச்ச நீதிமன்றம் இடங்களில் பாதியை இலவசம், பாதியைக் கட்டணம் என வகுத்தது. 2002-இல் பதினொரு நீதிபதிகள் கூடி அந்த ஏற்பாட்டை நீக்கினார்கள். 2005-இல் ஏழு நீதிபதிகள், உதவி பெறாத தனியார் கல்லூரியில் அரசு தன் ஒதுக்கீட்டைத் திணிக்கலாகாது என்றார்கள். ஆனால் நன்கொடை வாங்குவதும் கொள்ளை இலாபம் அடிப்பதும் கூடாது, சேர்க்கை யாவரும் காணும்படி நேர்மையாக நடக்க வேண்டும் என்றும் சொன்னார்கள். உடனே 93-ஆம் திருத்தம் வந்தது. தனியார் கல்லூரிகளிலும் இட ஒதுக்கீடு செய்யலாம்; சிறுபான்மையினர் நடத்துபவற்றுக்கு மட்டும் விலக்கு.

இந்த விலக்குதான் நம்மைத் தொடுகிறது. விரும்பும் கல்வி நிலையங்களை நிறுவி நடத்தும் உரிமையை அரசியல் சட்டத்தின் 30-ஆம் பிரிவு நமக்குத் தந்திருக்கிறது. கேரளக் கல்வி மசோதாவை ஆராய்ந்த உச்ச நீதிமன்றம் 1958-லேயே அவ்வுரிமையை நிலைநாட்டியது. நடத்தும் உரிமையில் சீர்கேடாக நடத்தும் உரிமை அடங்காது என்றும் எச்சரித்தது.

வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி நெடுங்காலம் தானே தேர்வு நடத்தி, மிஷன் மருத்துவமனைகளில் பணிபுரியும் மனமுள்ளவரைத் தேடி எடுத்துவந்தது. நீட் கட்டாயமானபோது, 2017-இல் எம்.பி.பி.எஸ். இடங்கள் நூறில் ஒரே ஒரு மாணவரைத்தான் சேர்த்துக்கொண்டது. ஆனால் 2020 ஏப்ரல் 29 அன்று, நீட் சிறுபான்மைக் கல்லூரிகளுக்கும் உண்டு, அதனால் 30-ஆம் பிரிவு மீறப்படவில்லை என்று தீர்ப்பு வந்தது. தமிழகச் சட்டமன்றம் 2021-லும் 2022-லும் நிறைவேற்றிய நீட் விலக்கு மசோதாவுக்குக் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் கிடைக்கவில்லை.

இன்னொரு செய்தியைப் பெற்றோர் கவனமாய்க் கேட்க வேண்டும். 2020-இல் தமிழக அரசு, அரசுப் பள்ளியில் ஆறு முதல் பன்னிரண்டு வரை படித்து நீட்டில் தேறியவர்களுக்கு மருத்துவ இடங்களில் 7.5 விழுக்காடு ஒதுக்கியது. அடுத்த ஆண்டு பொறியியல், வேளாண்மை, கால்நடை மருத்துவம், சட்டம் ஆகியவற்றுக்கும் இது விரிந்தது. 2022 ஏப்ரலில் உயர் நீதிமன்றம் மருத்துவ ஒதுக்கீட்டை ஏற்றது. கூலிக்காரர் வீட்டுப் பிள்ளைகள் வெள்ளைக் கோட்டு அணிய இது வழிசெய்தது, வரவேற்கிறோம். ஆனால் அரசு உதவி பெறும் பள்ளிகள் இதில் சேரவில்லை. நம் சபைகள் நடத்தும் உதவி பெறும் பள்ளிகளிலும் அதே கூலிக்காரர் பிள்ளைகள்தானே படிக்கிறார்கள்! இரண்டு பள்ளிகளுக்கும் நடுவே ஒரு மதில்தான். பிள்ளைகளின் வறுமை ஒன்றே. இதை அரசிடம் பணிவோடும் விடாமலும் எடுத்துச் சொல்வது நம் கடமை.

கேட்பதற்கு முன் நம் வீட்டையும் பார்ப்போம். தமிழ்நாட்டுச் சுயநிதிப் பொறியியல் கல்லூரிகளில் பிறர் 65 விழுக்காடு இடங்களை அரசுக் கலந்தாய்வுக்குக் கொடுக்க, சிறுபான்மைக் கல்லூரிகள் 50 விழுக்காடு கொடுத்தால் போதும். மிகுந்து நிற்கும் அந்த 15 விழுக்காடு இடங்கள் யாருக்காக? பணமுள்ளவர் வாங்கிக்கொள்வதற்கா, ஏழை விசுவாசியின் மகளுக்கா? சட்டம் தந்த சலுகை ஏழைக்குச் சென்று சேரவில்லையானால், நீதிமன்றத்தில் வென்றும் நாம் தோற்றவர்களே.

ஆகவே இந்த யூபிலி நினைவாக ஒரு சிறு வேலையைத் தொடங்குவோம். ஆசிரியர் இருவர், கல்லூரி மாணவர் இருவர் கொண்ட கல்விக் குழுவைப் பங்கில் அமைப்போம். மே, ஜூன் மாதங்களில் ஞாயிறு பூசைக்குப் பின் அவர்கள் கோவில் வளாகத்தில் அமரட்டும். சாதிச் சான்று, வருமானச் சான்று, கலந்தாய்வு விண்ணப்பம், அரசுக் குழு நிர்ணயித்த கட்டணம் ஆகியவற்றை எடுத்துச் சொல்லட்டும். இரசீது இல்லாமல் எவரும் பணம் கட்ட வேண்டாம். வழி தெரியாத காரணத்தால் நம் பங்கில் ஒரு பிள்ளைகூடப் படிப்பை இழந்தது என்ற சொல் இனி வரலாகாது.

சர்வேசுரன் நம் பிள்ளைகளை ஆசீர்வதிப்பாராக!