கல்லில் ஓடும் காலம்



காலத்தின் ஓட்டத்தை ஒரே ஓவியத்தில் காட்ட இயலுமா என்பது கவிஞர்கள் கூடிய அவையில் எழுப்பத்தக்க வினா. கவிதைக்கு இவ்விடர் இல்லை. ஒரு சொல் முடிந்த பின்னரே மறுசொல் வருவதால் கவிதை காலத்தின் உள்ளேயே நடக்கிறது. ஓவியமோ முழுவதும் ஒருங்கே கண்முன் நிற்பது. நிலத்தையும் பொழுதையும் இணைத்து முதற்பொருள் என்றது தொல்காப்பியம். ஓவியன் கையில் நிலம் உண்டு. பொழுதும் ஓரளவு உண்டு. மாலையை மாலையாகத் தீட்டிவிடலாம். மாலை இரவாவதை எங்ஙனம் தீட்டுவது?

அத்தகைய ஓவியம் ஒன்றைச் சூளகிரியில் ஒருவர் வரைய முற்படுவதாகக் கற்பனை செய்து பார்க்கலாம். இடப்புறம் மல்லசந்திரத்துக் கற்திட்டை ஒன்றை அமைப்பார்: பலகைக் கற்களை நிறுத்தி மேலே ஒரு பெருங்கல்லால் மூடிய ஈமச் சின்னம், அதன் உட்புறம் வெண்ணிறக் கோட்டுருவங்கள். நடுவில் சூலம்போல் முனைகள் எழுந்த மலையும் வரதராசப் பெருமாள் கோயிலும். வலப்புறம் நெடுஞ்சாலை, தொழிற்சாலைக் கூரைகள், கொத்தமல்லிக் கட்டுகள் ஏற்றிய வண்டி. பார்ப்போர் பாராட்டுவர். ஆயினும் அதில் மூன்று காலங்கள் அருகருகே நிற்கின்றனவே அன்றி, ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு எவரும் செல்லவில்லை. ‘அன்று’, ‘இன்று’ என எதிரெதிரே நிறுத்திக் கைதட்டல் பெறும் கவியரங்கக் கவிதைகள் பலவற்றின் குறையும் இதுவே.

மேலைநாட்டில் சால்வடார் டாலி 1931இல் உருகி வழியும் கடிகாரங்களைத் தீட்டிப் பெரும்புகழ் பெற்றார். அங்கே காலம் இளகுகிறது, ஓடவில்லை. அதே 1931இல் தஞ்சைப் பெரிய கோயிலின் கருவறையைச் சூழ்ந்த இருண்ட சுற்றில், நாயக்கர் கால ஓவியப் பூச்சுக்கு அடியில் சோழர் கால ஓவியங்கள் மறைந்திருப்பதை எஸ்.கே. கோவிந்தசாமி கண்டறிந்தார். அங்குள்ள ஒரு சுவரில் சுந்தரர் வரலாறு விரிகிறது. கீழே திருமண வீட்டில் சமையல் நடக்க, முதியவர் ஒருவர் ஓலையைக் காட்டி வழக்குரைக்கிறார். மேலே அதே சுந்தரர் வெள்ளானை மீதும் சேரமான் பெருமாள் குதிரை மீதும் கயிலைக்குச் செல்கின்றனர். உச்சியில் சிவபெருமான். ஒரே மனிதர் ஒரே சுவரில் மீண்டும் தோன்றுகிறார். இடையில் ஒரு வாழ்நாள் கழிந்திருக்கிறது. காலத்தை ஓடச் செய்ய இது போதும்.

அரசனின் பொருளும் பெருஞ்சுவரும் வாய்த்த ஓவியர் செய்த இதனையே, பெயர் தெரியாத கல்தச்சர்கள் ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்தில் ஓர் ஆள் உயரக் கல்லில் செய்து வைத்தனர். பல்லவர் காலத்துச் செங்கம் நடுகற்களில் வீரன் ஒரே நிலையில் நிற்பான். பின்னாளில், கன்னட நாட்டோடு கலந்த இவ்வெல்லைப் பகுதியில் அடுக்கு நடுகற்கள் பெருகின. கீழடுக்கில் போர், வில்லும் வாளும் கவர்ந்த ஆநிரையும். நடுவடுக்கில் வானமகளிர் இருபுறமும் தாங்க வீரன் மேலே செல்கிறான். மேலடுக்கில் இலிங்கத்தின் முன் அமர்ந்திருக்கிறான். உச்சியில் ஞாயிறும் திங்களும். காலத்தை அளக்கும் அவ்விரண்டும் இங்கே அசையாமல் நிற்கின்றன. அவை உள்ளவரை இவன் புகழும் உண்டு என்பது குறிப்பு.

கவிஞர்கள் கூர்ந்து நோக்க வேண்டிய இடம் வேறு. கீழடுக்கில் வீரன் போரிடுகிறான், அடுத்ததில் விண்ணேறுகிறான். அவன் இறந்த கணம் எங்கே? அது இரண்டு அடுக்குகளுக்கும் இடையிலுள்ள பட்டையில் மறைந்துள்ளது. உருவம் ஏதும் செதுக்கப்படாத அந்தப் பட்டையில்தான், எழுத்துள்ள கற்கள் பலவற்றில், அரசனின் ஆண்டும் இறந்தவன் பெயரும் பொறிக்கப்பட்டுள்ளன. சிற்பி கைவிட்ட இடத்தைச் சொல் ஏற்றுக்கொண்டது. கற்பனை ஓவியத்தைத் தேடுவோருக்கு இதைவிடத் தெளிவான விடை கிடைப்பது அரிது.

குறையும் உண்டு. மூன்று அடுக்கிலும் வீரனின் வயது ஒன்றே. மகனை இழந்த தாய் அதன்பின் வாழ்ந்து கழித்த ஆண்டுகளுக்கு அக்கல்லில் இடமில்லை. அந்தத் தாய்மாரைப் பாட்டில் வைத்தவை புறநானூற்றுச் செய்யுட்கள்.

இக்கற்களில் சில கிருஷ்ணகிரி, தருமபுரி அருங்காட்சியகங்களில் காப்பில் உள்ளன. ஏனையவை வயல் வரப்பிலும் ஏரிக்கரையிலும் நிற்கின்றன. எண்ணெய்ப் பூச்சும் சுண்ணாம்பும் எழுத்தை மூடுகின்றன. கல்லுக்கு விலை ஏறிய இந்நாளில் மற்றோர் அச்சமும் சேர்ந்துள்ளது. கற்திட்டைகளின் வெண்கோடுகளோ மழையிலும் வெயிலிலும் மங்கி வருகின்றன. கல்வெட்டு ஆய்வாளர்தாம் பார்க்க வேண்டும் என்பதில்லை. ஊரில் இன்ன இடத்தில், இத்தனை அடுக்கோடு, எழுத்துள்ளது அல்லது இல்லாதது எனக் குறித்து வைக்க இலக்கிய வட்டத்தார்க்கு ஒரு குறிப்பேடு போதும்.

பார்க்கச் செல்வோர் நண்பகலைத் தவிர்ப்பது நன்று. வெயில் உச்சியில் இருக்கும்போது எழுத்தும் உருவமும் கல்லோடு கல்லாக மங்கிவிடும். விடியலிலும் மாலையிலும் சாய்ந்து விழும் ஒளியில்தான் வீரனின் வாள் முதலிலும், பட்டையிலுள்ள எழுத்துகள் பிறகும் மேலெழும்.