நோட்டீஸில் எழுதாத காரணம்



தமிழ் நாடக உலகம் தலைமேல் வைத்துக் கொண்டாடும் பம்மல் சம்பந்த முதலியார், வழக்கறிஞராகவும் சென்னை ஸ்மால் காஸ் கோர்ட் நீதிபதியாகவும் இருந்தவர். அவர் பெயரோடு ஒட்டிய ஊரில் இந்தக் கருத்தரங்கு நடப்பதில் எனக்குப் பெருமை.

2021 நவம்பரில் பம்மல் நகராட்சி தாம்பரம் மாநகராட்சியில் சேர்ந்தது. 2023 ஏப்ரலில் நகர்ப்புற உள்ளாட்சிகள் சட்டம் நடைமுறைக்கு வந்தது. இதனால், கட்டடத்தை அகற்றச் சொல்லும் ஆணையில் கையெழுத்திடும் அதிகாரியும் மாறினார், அவர் காட்டும் சட்டப் பிரிவும் மாறியது. ஆகவே ஆணையை எதிர்க்க வருபவர் முதலில் பார்க்க வேண்டியது அந்த இரண்டைத்தான்.

அப்படி அகற்றச் சொல்லும் நோட்டீஸ் ஒன்றைக் கையில் எடுத்துப் பாருங்கள். மேலே ந.க.எண், நாள், பிறகு பொருள், பார்வை. ஏழு நாளில் அகற்றாவிட்டால் நாங்களே அகற்றுவோம் என்று முடியும். எத்தனை அடி மீறல், யார் அளந்தார்கள், யாரிடம் மேல்முறையீடு? சில நோட்டீஸ்களில் இவை எதுவும் இருக்காது. ரிட் மனு போட்ட பிறகு, பதில் மனுவில்தான் காரணங்கள் வரிசையாக வரும். இப்படிப் பின்னால் காரணம் சேர்ப்பது செல்லாது. மொகிந்தர் சிங் கில் வழக்கில் 1977லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: ஆணையில் எழுதிய காரணத்தை வைத்தே ஆணையை எடைபோட வேண்டும், பின்னால் பிரமாணப் பத்திரத்தில் புதுக் காரணம் சேர்த்து அதைத் தூக்கி நிறுத்தக் கூடாது.

நம் பகுதிக்கு இன்னொரு சிக்கல் உண்டு. வீடு இடிப்பதற்கு முன் 15 நாள் அவகாசம் தர வேண்டும் என்று 2024 நவம்பர் 13 அன்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஆனால் சாலை, ஆறு, நீர்நிலை ஆக்கிரமிப்புகளுக்கு அது பொருந்தாது என்றும் அதிலேயே இருக்கிறது. ஏரிக்கரையில் குடியிருப்பவருக்குத் துணை, சென்னை உயர் நீதிமன்றம் 2010இல் செந்தில்குமார் வழக்கில் தந்த தீர்ப்பு. 2007ஆம் ஆண்டின் ஏரிப் பாதுகாப்புச் சட்டம் செல்லும் என்றது அத்தீர்ப்பு. ஆனால் குடியிருப்பவருக்கு அறிவிப்புக் கொடுத்து, அவர் ஆட்சேபத்தைக் கேட்ட பிறகே வெளியேற்ற வேண்டும் என்றும் அது சொன்னது. ஏரி மீள வேண்டும். வெள்ளத்தைப் பார்த்த எவருக்கும் இதில் இரண்டாம் கருத்து இராது. ஆனால் சர்வே எண் தவறாக இருந்தால் அதைச் சொல்ல, புல்டோசர் வருவதற்கு முன்னால் ஒரு நாள் வேண்டும்.

இடிப்பதற்கு முன் கேட்க வேண்டும் என்பது பழைய விதி. லண்டனில் கூப்பர் என்பவர் உரிய முன்னறிவிப்புத் தராமல் கட்டிய வீட்டை வாண்ட்ஸ்வொர்த் உள்ளாட்சி வாரியம் இடித்தது. இடிக்க அதற்குச் சட்டத்தில் அதிகாரம் இருந்தது. இருந்தும் 1863இல் வழக்கில் கூப்பர்தான் வென்றார். வாரியம் அவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை என்பதே காரணம்.

கட்டுரை படிக்க வந்திருக்கும் இளம் ஆய்வாளர்களிடம் ஒன்று கேட்கிறேன். தீர்ப்புகளைத் தொகுக்கிறோம், அவற்றுக்கு முன்னால் வீட்டுக் கதவில் ஒட்டப்பட்ட அந்த ஒற்றைத் தாளை யாரும் தொகுப்பதில்லை. தெருத் தெருவாகப் போய் அவற்றை வாங்கி, பெயரை மறைத்து, நகலெடுத்து அடுத்த அமர்வுக்குக் கொண்டுவாருங்கள். நாள் முத்திரையும் கையெழுத்தும் தெரியும்படி நகல் இருக்கட்டும்.