கல்வெட்டில் இன்னும் ஒரு வரி

பூட்டுக்கும் பிரியாணிக்கும் பேர்போன திண்டுக்கல் சொந்தங்களே!

திரை நட்சத்திரத்தின் பலம் என்னவென்று நாட்டுக்குக் காட்டிய ஊர் நம் ஊர். 1972 அக்டோபரில் எம்.ஜி.ஆர். கட்சி தொடங்கினார். 1973 மே 11 அன்று அவர் நடித்த ‘உலகம் சுற்றும் வாலிபன்’ திரைக்கு வந்தது. ஒன்பதே நாளில், மே 20 அன்று, இங்கே நாடாளுமன்ற இடைத்தேர்தல். அவர் கட்சிக்காக இரட்டை இலைச் சின்னத்தில் நின்ற மாயத்தேவர் ஜெயித்தார். அன்று சுவரொட்டியில் சிரித்த எம்.ஜி.ஆர். முகம், இன்று தெருமுனைகளில் சிலையாகக் கைதூக்கி நிற்கிறது.

அதை நான் குறை சொல்ல வரவில்லை. மதுரைப் புதுமண்டபத்துத் தூணிலே திருமலை நாயக்கர் தேவியரோடு நிற்கிறாரே! புகழுள்ளவருக்குச் சிலை வைப்பது நமக்குப் பழைய வழக்கம். என் வழக்கு வேறு. ‘யார் சிலை’ என்று கேட்கிற நாம், ‘யார் செய்த சிலை’ என்று கேட்கிறோமா?

இதோ, கூப்பிடு தூரத்தில் தாடிக்கொம்பு. சௌந்தரராஜப் பெருமாள் கோயில் மண்டபத்தில் ஒரு தூணருகே நில்லுங்கள். மடியில் இரணியனைக் கிடத்தி வயிற்றைக் கிழிக்கிறார் நரசிம்மர். இன்னொரு தூணில் உலகளந்த பெருமாள் காலைத் தூக்கி நிற்கிறார். தூணும் சிலையும் ஒரே கல்! ஒரு விரல் உடைந்தாலும் ஒட்டவைக்க வழியில்லை. அப்படி உளி பிடித்த கைக்குச் சொந்தக்காரர் யார்? நமக்குத் தெரியாது.

அது அந்தக் காலம். இன்று? எந்தச் சிலையின் பீடத்தையும் படித்துப் பாருங்கள். திறந்து வைத்தவர், தலைமை தாங்கியவர், முன்னிலை வகித்தவர் என்று பட்டியல் நீளும். வடித்தவர் பேர் மட்டும் பெரும்பாலும் இருக்காது. அதனால்தான் சிலையைப் பார்த்து, ‘ஜாடை இருக்கிறதா’ என்பதோடு ரசனையை முடித்துக்கொள்கிறோம்.

சென்னை மெரினாவில் 1959 முதல் நிற்கும் உழைப்பாளர் சிலையைப் பாருங்கள். அந்த நால்வரில் தலைவரும் இல்லை, நடிகரும் இல்லை. பாறையைப் பெயர்க்கும் அந்த முதுகையும் தோளையும் தேவி பிரசாத் ராய் சௌத்ரி வடித்த விதத்தில், பேரில்லாத உழைப்பாளிகள் ஊரறிந்தவர்கள் ஆனார்கள். புகழைச் சிலையாக்கலாம்; புகழையே உண்டாக்கவும் சிலையால் முடியும். அது சிற்பியின் கைவேலை.

ஆகவே, ஊர்ப் பெரியவர்களே, ஒரே கோரிக்கை. இந்த ஊரில் அடுத்து யாருக்குச் சிலை வைத்தாலும், கல்வெட்டில் ஒரு வரி கூட்டுங்கள்: ‘வடித்த சிற்பி இன்னார்.’ திறப்பு விழா அன்று முதல் மாலை அவருக்கே விழட்டும்.