நேசம் சரவணமுத்துவும் எங்கள் வாக்கும்



நேசம் சரவணமுத்து! இந்தப் பெயரை இங்கே எத்தனை பேர் கேள்விப்பட்டிருக்கிறீர்கள்? 1932 மே மாதம் கொழும்பு வடக்கு இடைத்தேர்தலில் வென்று, அன்றைய சட்டசபையான இலங்கை அரசாங்க சபைக்குப் போன முதல் தமிழ்ப் பெண் அவர். அவருக்கு முன் அந்தச் சபைக்குத் தெரிவான ஒரே பெண், 1931 நவம்பரில் ருவன்வெல்லையில் வென்ற அடலின் மொலமுரே.

"புருஷனின் கதிரையில்தானே போய் இருந்தவ" என்று சொல்வோர் உண்டு. உண்மைதான். 1931இல் கொழும்பு வடக்கை வென்றவர் கணவர் டொக்டர் இரத்தினசோதி சரவணமுத்து. தேர்தல் மனுவில் அவர் பதவி பறிபோனது; மனைவி நின்றார், வென்றார். மொலமுரே அம்மையாரும் தந்தை இறந்து வெற்றிடமான தொகுதியில்தான் வந்தார். அன்று பெண்ணுக்குத் திறந்த கதவு அது ஒன்றே. ஆனால் 1936 பொதுத்தேர்தலில் கொழும்பு வடக்கு மக்கள் நேசம் அம்மையாரை மீண்டும் தெரிவுசெய்தார்கள். 1941இல் கண்மூடும்வரை அவர் சபை உறுப்பினர். கதிரை குடும்பத்தால் வந்திருக்கலாம். ஒன்பது ஆண்டுகள் அதில் நிலைத்தது அவர் சொந்தப் பெறுமதியால்.

சரி, அப்போது யாழ்ப்பாணத்தில் நாங்கள் என்ன செய்துகொண்டிருந்தோம்?

முதலில், வாக்குரிமை வந்த கதை. பெண்ணுக்கு முப்பது வயதில் வாக்கு என்று, புதிய அரசியலமைப்பை வகுக்க வந்த டொனமூர் ஆணைக்குழு சிபாரிசு செய்தது. சட்டம் வந்தபோது ஆணுக்கும் பெண்ணுக்கும் 21 என்று சமனானது. 1913இல் மருதனார்மடத்தில் பெண்களுக்குக் கல்லூரி நிறுவிய சேர் பொன்னம்பலம் இராமநாதனே பெண்களுக்கு வாக்குரிமை வேண்டாம் என்றார். படிக்கலாம், வாக்களிக்கக் கூடாது! அவரையும் தாண்டி உரிமை வந்தது.

வந்த உரிமையைப் பயன்படுத்தினோமா? டொனமூர் அரசியலமைப்பு பூரண சுயராச்சியம் தரவில்லை என்று யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ் 1931 தேர்தலைப் பகிஷ்கரித்தது. யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, ஊர்காவற்றுறை, பருத்தித்துறை ஆகிய நான்கு தொகுதிகளும் 1934வரை வெறுமையாய்க் கிடந்தன. கொள்கை பெரியது, நான் மறுக்கவில்லை. ஆனால் தென்னிலங்கைப் பெண்கள் வாக்குச்சாவடிக்குப் போன அன்று எங்கள் பாட்டிமார் வீட்டில் இருந்தார்கள். அந்த முடிவை எடுத்த மேடைகளில் எத்தனை பெண்களின் குரல் கேட்டது?

பழங்கதை என்று தள்ளிவிடாதீர்கள். 2024 நவம்பரில் யாழ். தேர்தல் மாவட்டம் ஆறு பேரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியது. ஆறு பேரும் ஆண்கள்! உள்ளூராட்சி சபைகளில் பெண்களுக்கு 25 வீதம் என்ற சட்டம் 2018 தேர்தலில் நடைமுறைக்கு வந்தது. அதன் உள்ளே பாருங்கள்: வட்டார வேட்பாளர்களில் பெண்கள் 10 வீதம் இருந்தால் போதும், மேலதிகப் பட்டியலில் பாதி. வீடுவீடாகப் போய் வாக்குக் கேட்டு வெல்லும் இடம் ஆணுக்கு, கட்சி பெயர் போட்டு அனுப்பும் இடம் பெண்ணுக்கு என்று கணக்கு முடிந்துவிடுகிறது. நேசம் அம்மையாரோ 1932இலேயே மக்கள் முன் நின்று வாக்குக் கேட்டவர்.

ஆகவே தாய்மாரே, அடுத்த தேர்தலுக்குக் கட்சிக்காரர் உங்கள் படலையைத் தட்டும்போது ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "வட்டாரத்தில் எத்தனை பெண்களை நிறுத்தியிருக்கிறியள்?" பதில் திருப்தியாக இருந்தால் வாக்கைப் பற்றிப் பேசலாம். இல்லையென்றால் வந்தவரைத் தேத்தண்ணி கொடுத்து அனுப்புங்கள், வாக்கைக் கொடுக்காதீர்கள்.